மூன்றாம் டிவிஷன் கழிசல்

பெட்டாலிங் ஜெயா
26.10.2025

அன்புள்ள அக்காவுக்கு,

திருமாறன் எழுதுகிறேன். "இனிமே என் போனுக்குக் கூப்பிடாத" என்று சொல்லி என் நம்பரைத் தடுத்து வைத்துவிட்டாய். கடிதம் எழுதாதே என்று சொன்னதாக எனக்கு ஞாபகம் இல்லை. அதனால் எழுதுகிறேன். கோலா தெர்லாவிலிருந்து செலாயாங் மார்க்கெட்டுக்கு முட்டைக்கோஸ் ஏற்றி வரும் ஹரிதாஸ், திரும்பும்போது ரிங்லெட்டில் லாரியை நிறுத்தி இதை உன் கையில் கொடுப்பதாகச் சொல்லியிருக்கிறான். கிழிப்பதாக இருந்தால் படித்துவிட்டுக் கிழி.

தீபாவளிக்கு மறுநாள் தானா ராத்தாவில் யாசீன் பாய் கடையில் நடந்ததை நானும் மறக்கவில்லை. ரொட்டி சானாய் தட்டைப் பிடித்த கையோடு அவர் அப்படியே நின்றுவிட்டார். "மார்க் போடத் தெரியாத பயலுக்கு எவன்டா வேல குடுத்தான்?" என்று நீ கேட்டாய். "மெஷின் சரியாத்தான் சொல்லுது, உன் ஆளுங்க கொண்டாறதுதான் கழிசல்" என்று நான் சொன்னேன். யார் முதலில் எழுந்து போனார்கள் என்பதில் மட்டும் எனக்குக் கொஞ்சம் சந்தேகம்.

ஒன்றை மறுபடி சொல்கிறேன். அந்தக் கேமரா மெஷினை நான் செய்யவில்லை. "என் தம்பி மெஷின் செய்றான்" என்று ரிங்லெட் முழுக்க நீ சொல்லி வைத்திருக்கிறாய். யாரோ செய்த செயற்கை நுண்ணறிவு சொன்ன வேலையைச் சரியாகச் செய்கிறதா என்று அளந்து பார்த்து மார்க் போடுவதுதான் எங்கள் கம்பெனி வேலை. உங்கள் தோட்டத்து எடைக் கொட்டகையில் தட்டில் கொட்டும் தேயிலைக் கொழுந்தைப் பார்த்து, இதில் நல்ல இலை எவ்வளவு, முற்றல் எவ்வளவு என்று அது சொல்வதைப் பிப்ரவரியில் வந்து சோதித்தேன். நூற்றுக்குத் தொண்ணூற்றாறு கொடுத்தேன். அந்த மார்க்கை நம்பித்தான் மேனேஜர் அதை வாங்கி மாட்டினார்.

இப்போது அது உன் மூன்றாம் டிவிஷனை மாதா மாதம் கடைசியில் போடுகிறது. கடையில் வீம்புக்குப் பேசிவிட்டேனே தவிர, வீட்டுக்கு வந்து யோசித்தால் எனக்கே சரியாகப் படவில்லை. ஒரே ஒரு கேள்வி. பிப்ரவரியில் என் தட்டுக்கு வந்த சாக்குகளில் நனைந்த இலை இருந்ததா?

உன் தம்பி,
திருமாறன்

*

ஸ்ரீ எம்புன் தோட்டம்
மூன்றாம் டிவிஷன், ரிங்லெட்
30.10.2025

திருமாறனுக்கு,

'அன்புள்ள' போடவில்லை. கவனித்திருப்பாய். சின்னச் சின்னத் தப்பைக் கண்டுபிடிக்கத்தானே உனக்குச் சம்பளம்.

முதலில் எழுந்து போனது நான். சந்தேகம் இருந்தால் யாசீன் பாயைக் கேள்.

நீ தொண்ணூற்றாறு கொடுத்த அந்த மகராசனுக்கு இங்கே 'புது கிராணி' என்று பெயர். கணக்கு எழுதும் பழைய கிராணியாவது சாக்குக்குள் கைவிட்டு அளைந்து பார்ப்பார். இது மேலே தொங்கிக்கொண்டு ஒரு பார்வை பார்க்கும், அவ்வளவுதான். அது போட்ட மார்க்கை வரிசையாக அடித்து ஆபீஸ் வாசல் போர்டில் ஒட்டுகிறார்கள். எல்லாருக்கும் கீழே, 'மூன்றாம் டிவிஷன், கங்காணி தவமலர்.' காலையில் ஆள் கணக்கெடுக்கும்போது என் ஆட்கள் எல்லாரும் அந்த போர்டைத் தாண்டித்தான் வர வேண்டும். நேபாளத்துப் பையன்களுக்குத் தமிழும் தெரியாது, மலாயும் அரைகுறை. ஆனால் கடைசி என்றால் என்ன என்று அவர்களுக்கும் தெரிகிறது. தலையைக் குனிந்துகொண்டு வருகிறார்கள்.

முதல் டிவிஷன் கங்காணி வீரப்பன் அண்ணன் இருக்கிறாரே, அவருக்குத் தினமும் தீபாவளிதான். "என்னா தவமலரு, ஒன் பேரு கீழயே இருக்கு, குனியாம படிக்கலாம் லா" என்கிறார். தீபாவளிக்கு முந்தின வாரமே மேனேஜர் கூப்பிட்டு விட்டார். டிசம்பர் முடிவதற்குள் மார்க் ஏறாவிட்டால் மூன்றாம் டிவிஷனையும் வீரப்பன் அண்ணனே பார்த்துக்கொள்வாராம், நான் அவருக்குக் கீழே நிற்க வேண்டுமாம். இந்தத் தோட்டத்தில் ஒரு பெண்பிள்ளை கங்காணி ஆனது நான்தான் முதல். அந்தத் தொப்பியை நான் சும்மா வாங்கவில்லை. அதைக் கழற்றி வீரப்பன் அண்ணன் கையில் கொடுக்கச் சொல்கிறது உன் தொண்ணூற்றாறு.

சின்ன வயதிலேயே நான் அரைத்த சம்பலுக்கு மார்க் போட்டவன் நீ. கண்ணில் தண்ணீர் வர அரைத்து வைத்தால், நாக்கைச் சப்புக்கொட்டிவிட்டு "ஒம்பதர" என்பாய். ஒரு நாளும் பத்து வந்ததில்லை. எனக்கு ஒன்பதரை, அந்தத் தகர டப்பாவுக்குத் தொண்ணூற்றாறு.

உன் கேள்விக்கு நான் பதில் சொல்ல மாட்டேன்.

தவமலர்

*

பெட்டாலிங் ஜெயா
3.11.2025

அன்புள்ள அக்காவுக்கு,

மூன்றாம் டிவிஷனை எடுக்கப் போகிறார்கள் என்று நீ யாசீன் பாய் கடையில் சொல்லவே இல்லை. சொல்லியிருந்தால் நான் அப்படிப் பேசியிருப்பேனா? கழிசல் என்று சொன்னது தப்பு. அதை எழுதிக் கொடுத்துவிட்டேன், வைத்துக்கொள்.

ஆனால் கேள்வியை விட மாட்டேன். ஏன் என்று சொல்கிறேன்.

புது கிராணி எடுத்த படங்களை எல்லாம் இங்கிருந்தே பார்க்க முடியும். ஒரு முழு வாரம் ராத்திரி ராத்திரியாக உட்கார்ந்து பார்த்தேன். உன் டிவிஷன் அணைக்கட்டு ஏரியைப் பார்த்த சரிவு. அங்கே பத்து மணி வரைக்கும் பனி விலகாது, மழை வந்தாலும் முதலில் உனக்குத்தான் வரும். வீரப்பன் அண்ணனுக்கு வெயில் பக்கம். உன் தட்டுகளில் காலை நேரத்து இலை எல்லாம் தண்ணீரில் மினுங்குகிறது. மத்தியானத்துக்கு மேல் வந்த உலர்ந்த தட்டுகளுக்கு மெஷின் உனக்கும் நல்ல மார்க்தான் போட்டிருக்கிறது. மினுங்குகிற தட்டு வந்தால் மட்டும் இளசையும் முற்றல் என்கிறது.

பிறகு என் பிப்ரவரி படங்களை எடுத்துப் பார்த்தேன். எல்லாத் தட்டும் உலர்ந்திருக்கிறது. ஒன்று விடாமல். அந்த வாரத்தில் ரிங்லெட்டில் மழை பெய்திருக்கிறது, வானிலைக் கணக்கில் இருக்கிறது. மழையும் பெய்து இலையும் நனையாமல் இருக்க உன் சரிவுக்கு யார் குடை பிடித்தார்கள்?

சொல் அக்கா. உனக்காக மட்டும் கேட்கவில்லை. அந்தத் தொண்ணூற்றாறின் கீழே என் கையெழுத்து இருக்கிறது.

திருமாறன்

*

மூன்றாம் டிவிஷன், ரிங்லெட்
8.11.2025

திருமாறனுக்கு,

நனைந்த இலையா? அதை உன் தட்டில் நான் வைப்பேனா? என்னைப் பார்த்துக் கேட்கிற கேள்வியா இது?

வருகிறவன் யார்? இந்த லைன் வீட்டில் மண்ணெண்ணெய் வாசத்தில் படித்து, கோலாலம்பூர் போய்ப் பட்டம் வாங்கி, கழுத்தில் அட்டை மாட்டிக்கொண்டு கம்பெனி வண்டியில் வந்து இறங்குகிற என் தம்பி. மேனேஜர் எழுந்து வந்து கை கொடுக்கிறார். "தவமலர், your brother ah?" என்று அவர் கேட்டபோது எனக்குக் கால் தரையிலேயே இல்லை. அப்படிப்பட்டவன் டெஸ்ட் வைக்கிறான், அவன் முன்னால் காம்பும் முற்றலும் சொட்டச் சொட்ட அள்ளிக் கொட்டச் சொல்கிறாயா? பள்ளியிறுதி எஸ்.பி.எம். பரீட்சைக்கு நீ போன ஒவ்வொரு நாளும் உன் சட்டைக்கு இஸ்திரி போட்டு அனுப்பியவள் நான்.

மழை பெய்தது. வெட்டிய ஈர இலையை எல்லாம் தனி டிராக்டரில் ஏற்றி நேராக ஃபேக்டரிக்கு அனுப்பிவிட்டேன். மத்தியானம் வெயில் வந்த பிறகு நல்ல வரியாகப் பார்த்து வெட்டச் சொன்னேன். அதையும் அப்படியே கொண்டு வரவில்லை. கித்தானை விரித்துக் கொட்டி, பெண்கள் எல்லாரும் சுற்றி உட்கார்ந்து காம்பு வேறு, முற்றல் வேறு பொறுக்கிவிட்டுத்தான் சாக்கைக் கட்டினோம். துரைமார் காலத்திலிருந்து யார் பார்வையிட வந்தாலும் இந்தத் தோட்டத்தில் அதுதான் வழக்கம். வெள்ளையடிப்பார்கள், கால்வாய் கூட்டுவார்கள், கொழுந்தைப் பொறுக்குவார்கள். என் தம்பி வரும்போது மட்டும் விட்டுவிடுவேனா? வீரப்பன் அண்ணனிடமும் போய்ச் சொன்னேன், "அண்ணே, வர்றது என் தம்பி, அவன் முன்னாடி மானத்த வாங்கிறாதீங்க" என்று. அந்த மனுஷனும் தலையாட்டினார். எல்லா டிவிஷனும் பொறுக்கித்தான் கொண்டு வந்தோம்.

தொண்ணூற்றாறு வந்தது என்று மேனேஜர் சொன்ன அன்றைக்கு லைன் முழுக்க நான் கேசரி கிண்டிக் கொடுத்தேன். உனக்குத் தெரியாது. அது நம் கொழுந்துக்கு நீ கொடுத்த மார்க் என்றுதான் நாங்கள் எல்லாரும் நினைத்தோம்.

இப்போது பதில் கிடைத்துவிட்டதா? இதில் என்ன தப்பு கண்டுபிடிக்கப் போகிறாய்?

தவமலர்

*

பெட்டாலிங் ஜெயா
14.11.2025

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கடிதத்தைப் படித்துவிட்டு முதலில் சிரித்தேன். ஆபீஸில் பக்கத்து மேசைக்காரர்கள் திரும்பிப் பார்க்கும்படி சிரித்தேன். கேசரி வந்த இடத்தில் கண் கலங்கிவிட்டது. பிறகு பயம் வந்தது.

அக்கா, பரீட்சை எழுத வந்தது நீ இல்லை. உன் கொழுந்தும் இல்லை. மெஷின்தான் பரீட்சை எழுதியது. நீங்கள் எல்லாரும் சேர்ந்து அதற்கு ரொம்பச் சுலபமான கேள்வித்தாளைக் கொடுத்துவிட்டீர்கள்.

இப்படி யோசித்துப் பார். நீங்கள் பொறுக்கிக் கொண்டு வந்த தட்டுகளில் நூற்றுக்குத் தொண்ணூறுக்கு மேல் நல்ல இலை. அங்கே மெஷினுக்குப் பதிலாக, எதைக் காட்டினாலும் 'நல்லது, நல்லது' என்று மட்டும் சொல்லும் ஒரு பொம்மையைத் தொங்கவிட்டிருந்தால் அதற்கும் தொண்ணூறு மார்க் வந்திருக்கும். நான் பெருமையாகக் கையெழுத்துப் போட்ட தொண்ணூற்றாறு அந்தப் பொம்மையைவிடக் கொஞ்சம்தான் மேலே. தினமும் அது எந்த இலையைப் பார்க்கப் போகிறதோ அந்த இலையை வைத்துத்தான் அதை அளந்திருக்க வேண்டும். ஈரம், முற்றல், மண், எல்லாம் சேர்ந்த இலை. சாக்குகள் இத்தனை அழகாக இருக்கின்றனவே என்று நான் சந்தேகப்பட்டிருக்க வேண்டும். படவில்லை. எங்கள் தோட்டத்து இலை என்றால் இப்படித்தான் இருக்கும் என்று எனக்கும் மண்டைக்குள் ஒரு கர்வம்.

என் மேலதிகாரி நஜிஹாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். மறுபடி சோதிக்க மேனேஜரும் ஒப்புக்கொண்டார். இந்தத் தடவை நான் வர மாட்டேன். அக்கா வெட்டிய இலையைத் தம்பி அளந்தான் என்று நாளைக்கு யாரும் வாயைத் திறக்கக் கூடாது. என்னோடு வேலை செய்யும் இர்வான் வருவார்.

அவருக்கு உன்னிடமிருந்து ஒரு உதவி வேண்டும். கழிசல் வேண்டும் அக்கா. மழைக்கால இலை என்னென்ன கோலத்தில் வருமோ அத்தனையும், பொறுக்காமல், துடைக்காமல். வீரப்பன் அண்ணனுடையதும் மற்ற டிவிஷனுடையதும் வரும். ஆனால் மோசமான இலைக்கு உன் சரிவுதான். சாக்கின் மேல் யார் பெயரும் இருக்காது, எண் மட்டும்தான். யாருடையது என்று யாருக்கும் தெரியாது.

திருமாறன்

*

மூன்றாம் டிவிஷன், ரிங்லெட்
17.11.2025

திருமாறனுக்கு,

முடியாது.

மேனேஜர் பார்க்க, வீரப்பன் அண்ணன் பார்க்க, கடைசியில் நிற்கிற நான் என் கையால் கழிசலைக் கொண்டு வந்து கொட்ட வேண்டுமா? எண் போட்டால் தெரியாதா? ஏரிப் பக்கத்துச் செம்மண்ணைப் பார்த்தாலே எந்த டிவிஷன் என்று இங்கே எல்லாருக்கும் தெரியும். "கிராணி சொன்னது சரிதான்" என்று சிரிப்பார்கள். என் ஆட்கள் ஏற்கெனவே குனிந்த தலை. அவர்களை வைத்தே கழிசல் வெட்டச் சொல்ல எனக்கு வாய் வராது.

அதுவும் நீ வராமல். யாரோ ஒருவன் முன்னால்.

வேறு யாரையாவது கேள்.

தவமலர்

*

பெட்டாலிங் ஜெயா
21.11.2025

அன்புள்ள அக்காவுக்கு,

உன்னை வற்புறுத்த மாட்டேன். இங்கே நடந்ததை மட்டும் சொல்கிறேன்.

ரிப்போர்ட்டைச் சத்தமில்லாமல் திருத்திவிடலாம் என்று ஆபீஸில் ஒருவர் சொன்னார். என் பெயரை எடுத்துவிட்டு, இர்வானின் புது ரிப்போர்ட்டை மேலே வைத்துவிட்டால் பழையதை யார் தேடப் போகிறார்கள் என்றார். எனக்கு அடுத்த வருஷம் பதவி உயர்வு வர வேண்டிய நேரம், அதையும் நினைத்துத்தான் சொன்னார். நல்ல மனுஷன்.

எனக்கு மனம் ஒப்பவில்லை. இதற்கு முன் அளந்த எத்தனையோ மெஷின்களின் கீழே என் கையெழுத்து இருக்கிறது. இந்த ஒன்றை ஒளித்தால் அத்தனையும் பொய் மாதிரி ஆகிவிடும். எல்லாரும் கூடுகிற கூட்டத்தில் எழுந்து நின்று, "ஸ்ரீ எம்புன் தோட்டத்துக்கு நான் கொடுத்த தொண்ணூற்றாறு செல்லாது" என்றேன். ஏன் செல்லாது என்றும் சொன்னேன். கேசரியை மட்டும் சொல்லவில்லை. பழைய ரிப்போர்ட்டின் மேல் 'தவறு' என்று பெரிதாக எழுதி அதன் கீழே மறுபடி முழுப் பெயரோடு கையெழுத்துப் போட்டேன். வெளியே வரும்போது தலை நிமிர்ந்துதான் வந்தேன்.

என் கழிசலை நான் கொட்டிவிட்டேன் அக்கா.

திருமாறன்

*

மூன்றாம் டிவிஷன், ரிங்லெட்
6.12.2025

திருமாறனுக்கு,

உன் இர்வான் வந்தான், போனான். நடந்ததை நான் சொல்வதற்கு முன் ஹரிதாஸ் லாரியில் கதை கட்டிக்கொண்டு வந்துவிடுவான் என்றுதான் உடனே எழுதுகிறேன்.

உன் கடிதத்தை இரண்டு நாள் சமையலறை டப்பாவில் போட்டு வைத்திருந்தேன். மூன்றாம் நாள் காலையில் ஆட்களைக் கூட்டி வைத்துச் சொன்னேன். "கேட்டுக்குங்க, இந்தத் தடவ நம்ம கழிசல் வெட்டப் போறோம். வெட்டறதுன்னா ஒழுங்கா வெட்டணும். இந்த மலையிலயே இப்படி ஒரு கழிசல எவனும் பாத்திருக்கக் கூடாது." முதலில் திருதிருவென்று முழித்தார்கள். பிறகு பார்க்க வேண்டுமே! பெண்கள் ஒரு பக்கம், பையன்கள் ஒரு பக்கம் போட்டி போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டார்கள்.

விடியற்பனியில் நீர் சொட்டும் பச்சை இளசு ஒரு சாக்கு. கொட்டும் மழையில் வெட்டியது ஒன்று. மழையில் வெட்டி, இறுக்கக் கட்டி, டிராக்டர் வராமல் வெந்து போனது ஒன்று. மொண்ணை பிளேடில் பிய்ந்தது, தேயிலைக் கொசு கடித்துக் கறுப்புப் புள்ளி விழுந்தது, செம்மண் தெறித்தது, வெட்டுச் சுற்று தவறி முற்றிக் கிடந்தது. இவை எல்லாம் கலந்தும் சில சாக்கு. எதையும் நான் ஜோடிக்கவில்லை. மழைக்காலத்தில் எங்கள் சரிவில் உள்ளபடி வருவதுதான். ஒவ்வொன்றையும் இத்தனை வருஷமாக அதட்டி அதட்டி ஒதுக்கிக்கொண்டிருந்தவள் நான், அதனால் எது எங்கே கிடைக்கும் என்று எனக்குத் தெரியாதா?

இர்வான் நல்ல பிள்ளை. ஆனால் உன்னைவிடக் கறார். மூன்று மேசை போட்டு, நடுவில் மறைப்பு கட்டி, ஒரே இலையை மூன்று பேர் ஒருவருக்கொருவர் தெரியாமல் பிரிக்க வேண்டும் என்றான். மெஷின் போட்ட மார்க் யார் கண்ணிலும் படக் கூடாதாம். ஃபேக்டரியிலிருந்து ஆண்டியப்பன் அண்ணன், முதல் டிவிஷனிலிருந்து வீரப்பன் அண்ணன், ஆபீஸிலிருந்து செல்லம்மா. என்னை வெளியே உட்காரச் சொல்லிவிட்டான். என் இலையை நான் பிரிக்கக் கூடாதாம். வீரப்பன் அண்ணன் சாக்கு வந்தபோது அவரையும் எழுப்பிவிட்டுப் பழைய கிராணியை உட்கார வைத்தான். வாசலில் உட்கார்ந்தபடி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தேன்.

ஒரு சாக்கைப் பிரித்ததும் வீரப்பன் அண்ணன் சிரித்தார். "எவன்டா இத வெட்டினது? ஆட்டுக்குக்கூடப் போட முடியாது லா!" என்றார். மேனேஜரும் கூடச் சிரித்தார். எனக்குப் பதில் நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டது. கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். உனக்காகத்தான். அந்தக் கூட்டத்தில் நீ நின்றதை நினைத்துக்கொண்டேன்.

கடைசித் தட்டும் முடிந்து, கணக்கை எல்லாம் இர்வான் பெட்டிக்குள் வைத்துப் பூட்டின பிறகு, "இப்ப நான் பேசலாமா?" என்று கேட்டேன். பேசலாம் என்றான். உள்ளே போனேன்.

"வீரப்பண்ணே, அந்தத் தழ என்னோடது. அந்த வெந்ததும் என்னோடது, புள்ளி விழுந்ததும் என்னோடது. மூணாம் டிவிஷன், தவமலரோட ஆளுங்க வெட்டினது. மழையில ஏரிப் பக்கம் எறங்கினா இப்படித்தான் வரும். இதப் பாத்துட்டு மார்க் போடட்டும் ஒங்க கிராணி. பிப்ரவரில நாம எல்லாரும் பொறுக்கிப் பொறுக்கிக் காட்டினோமே, நீங்களுந்தான அண்ணே, அதப் பாத்துப் போட்ட மார்க்கு மார்க்கே இல்ல" என்றேன்.

மேனேஜர் வீரப்பன் அண்ணனைப் பார்க்கிறார், அவர் கூரையைப் பார்க்கிறார். என் நேபாளத்துப் பையன்கள் கொட்டகைக்கு வெளியே நின்று கை தட்டினார்கள். நான் பேசியதில் ஒரு வார்த்தை புரிந்திருக்காது அவர்களுக்கு.

என்ன மார்க் வந்தாலும் வரட்டும். நீ பார்த்திருக்க வேண்டும். அது ஒன்றுதான் எனக்குக் குறை.

அக்கா

*

பெட்டாலிங் ஜெயா
19.12.2025

அன்புள்ள அக்காவுக்கு,

கடிதத்தின் கீழே 'தவமலர்' என்று போடாமல் 'அக்கா' என்று போட்டிருந்தாய். கவனித்துவிட்டேன். அதற்குத்தானே சம்பளம்.

ரிப்போர்ட் நேற்று மேனேஜருக்குப் போய்விட்டது. உலர்ந்த தட்டில் புது கிராணி நன்றாகவே பார்க்கிறது, அதை மறுக்க முடியாது. ஈரத் தட்டில் பாதிக்குப் பாதி தப்பு. நீர் சொட்டும் உன் இளசை அது முற்றல் என்று அடித்துச் சொல்லியிருக்கிறது. 'நல்லது, நல்லது' என்கிற அந்தப் பொம்மையை அந்த இளசுத் தட்டுக்கு மேல் தொங்கவிட்டிருந்தால் பொம்மையே இதை ஜெயித்திருக்கும். இர்வான் இதை அப்படியே ரிப்போர்ட்டில் எழுதிவிட்டார், நஜிஹாவும் வெட்டவில்லை.

ஈர இலையை அது கற்றுக்கொண்டு மறுபடி சோதனையில் தேறும் வரைக்கும் அதன் மார்க்கை வைத்து யாரையும் வரிசைப்படுத்தக் கூடாது என்று எழுதியிருக்கிறோம். இன்று காலை மேனேஜர் பதில் போட்டார். இதுவரை ஒட்டிய மார்க் எல்லாம் செல்லாது, மூன்றாம் டிவிஷன் உன் கையில்தான் இருக்கும் என்று. அந்த வரியை நான் சத்தமாக வாசித்தேன். பக்கத்து மேசைக்காரர்கள் மறுபடி திரும்பிப் பார்த்தார்கள்.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும், மறைத்தால் நீயே என்னைத் திட்டுவாய். எல்லா டிவிஷனிலிருந்தும் வழக்கமான நாள் சாக்குகளையும் இர்வான் எடுத்துப் பிரிக்க வைத்திருந்தார். மூன்று மனிதர்கள் பிரித்த கணக்குப்படி நீ கடைசி இல்லை. முதலும் இல்லை. வீரப்பன் அண்ணன் உன்னைவிட ஒரு மயிரிழை மேலே. இரண்டாவது நீ.

உன் பெயரை ரிப்போர்ட்டில் போட இர்வானே நஜிஹாவிடம் அனுமதி கேட்டார். 'சோதனைக்கான கடினமான மாதிரிகளைத் தொகுத்தவர்: தவமலர், கங்காணி, மூன்றாம் டிவிஷன்' என்று முதல் பக்கத்திலேயே இருக்கிறது. இனி இந்த மெஷினை யார் சோதித்தாலும் உன் சாக்குகளின் படங்களை வைத்துத்தான் சோதிப்பார்கள். ஆபீஸில் அதற்குப் பெயரே 'தவமலர் டெஸ்ட்' என்று ஆகிவிட்டது. "அந்தத் தவமலர் யார்?" என்று கேட்கிறவர்களிடம், "என் அக்கா" என்று சொல்லிச் சொல்லி எனக்கு வாய் வலிக்கவே இல்லை.

மெஷினுக்கு என்ன மார்க் என்று ரிப்போர்ட்டில் இடம் இருக்கிறது. கேள்வித்தாளுக்கு மார்க் போட இடம் இல்லை. அதனால் இங்கே போடுகிறேன். உன் கழிசலுக்குப் பத்துக்குப் பத்து.

உன் தம்பி,
திருமாறன்

*

மூன்றாம் டிவிஷன், ரிங்லெட்
24.12.2025

அன்புள்ள திருமாறனுக்கு,

போட்டுவிட்டேன், பார்த்துக்கொள்.

ஆபீஸ் வாசல் போர்டில் பழைய தாளைக் கிழித்தாகிவிட்டது. இடம் சும்மா கிடக்கிறதே என்று உங்கள் ரிப்போர்ட்டின் முதல் பக்கத்தை மேனேஜரிடம் கேட்டு வாங்கி நானே ஒட்டினேன். நடுவில், கண் மட்டத்துக்கு. வீரப்பன் அண்ணன் வந்து மூக்குக் கண்ணாடியைத் துடைத்து இரண்டு தரம் படித்தார். "ஒன் பேரு மேல இருக்கே லா" என்றார். "குனியாம படிங்கண்ணே" என்றேன். இரண்டாவது என்று நீ எழுதியதை அவரிடம் நான் சொல்லவில்லை, தானாகத் தெரிந்துகொள்ளட்டும். மூன்று பேர் கையால் பிரித்து எண்ணியது, அதனால் ஒப்புக்கொள்கிறேன். என் பிளேடுகளைத் தீட்டக் கொடுத்துவிட்டேன். அடுத்த மழையில் பார்த்துக்கொள்கிறேன் அந்த மயிரிழையை.

மெஷின் கம்பெனிக்காரர்கள் ஜனவரியில் வருகிறார்களாம். கொழுந்தைக் கொஞ்சம் பார்த்துப் பொறுக்கிக் கொண்டு வாருங்கள் என்று பழைய கிராணி சொல்லிப் பார்த்தார். "மழ பேஞ்சா மழையோடதான் வரும்" என்று சொல்லிவிட்டேன். என் ஆட்களும் இப்போது போர்டைத் தாண்டும்போது நின்று பார்த்துவிட்டுத்தான் வருகிறார்கள்.

ஆமாம், கண்ணில் தண்ணீர் வர அரைத்த சம்பலுக்கு ஒன்பதரை. ஆட்டுக்குக்கூட ஆகாத கழிசலுக்குப் பத்து. உன்னை எந்தத் தட்டில் கொட்டி அளப்பது என்று எனக்குத் தெரியவில்லை. ஆனால் நீ பத்து போட்ட அந்த வரியை மட்டும் உன் கடிதத்திலிருந்து கத்தரித்துச் சாமி படத்துக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறேன்.

போனில் உன் நம்பரைத் திறந்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை கூப்பிடு. மெஷினைப் பற்றி எடுத்தவுடனே பேசாதே, சாப்பிட்டாயா என்று கேள்.

ஹரிதாஸ் கையில் ஒரு பொட்டலம் கொடுத்திருக்கிறேன். போன வாரம் இரண்டு நாள் வெயில் அடித்தது, அந்தக் கொழுந்தில் ஃபேக்டரியில் சொல்லித் தனியாக எடுத்த தேயிலை. ஒவ்வொரு இலையும் நான் நின்று பார்த்து வெட்ட வைத்தது. இது சோதனைக்கு இல்லை. தண்ணீரை நன்றாகக் கொதிக்கவிட்டுப் போடு, சூடாகக் குடி.

மார்க் போடாதே.

அக்கா